மெதடிஸ்த சபையில் குழந்தை ஞானஸ்நானம்: வளர்ந்தபின் முழுக்கு எடுக்கலாமா?

நீலவானம் எழுதியது:

ஐந்து மாதக் குழந்தை. பெற்றோரில் ஒருவர் மெதடிஸ்தர். மற்றவர், விசுவாசித்தவர்களுக்கு மட்டுமே முழுக்கு கொடுக்கும் சபையில் வளர்ந்தவர். இரண்டு வீட்டாரும் வசனம் காட்டிப் பேசுகிறார்கள், முடிவுதான் வரவில்லை. விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

விசுவாசம் என்றால் என்னவென்றே தெரியாத குழந்தையின் தலையில் தண்ணீர் பட்டால் என்ன நடக்கிறது என்று மெதடிஸ்தர்கள் நம்புகிறார்கள்? கத்தோலிக்கர் சொல்வதும் இதுவும் ஒன்றா? தெளிப்பு மட்டும்தானா, முழுக்கும் உண்டா? இப்போதைக்குப் பிரதிஷ்டை (தண்ணீர் இல்லாமல் பிள்ளையைத் தேவனுக்கு ஒப்புக்கொடுப்பது) மட்டும் செய்து ஞானஸ்நானத்தைப் பிள்ளையின் விருப்பத்துக்கு விட முடியுமா? இப்போதே கொடுத்துவிட்டால் பின்னாளில் பிள்ளை முழுக்கு கேட்டால் போதகர் கொடுப்பாரா? ஆராதனையில் பெற்றோரிடம் என்ன கேட்பார்கள் என்பதும் முன்கூட்டியே தெரிய வேண்டும். புரியாமல் "ஆம்" என்று சொல்லிவிட்டு வர மனமில்லை.

---

யோர்தான்கரை எழுதியது:

உங்கள் இரண்டு வீட்டாரும் வசனத்தில் மோதுவதாக நினைக்கிறார்கள். மோதல் அதற்கு முன்னாலேயே இருக்கிறது. ஞானஸ்நானத்தில் முதலில் பேசுவது யார்? விசுவாசிகளுக்கு மட்டும் என்று சொல்லும் சபையில் மனிதன் பேசுகிறான், தண்ணீர் அவன் அறிக்கைக்குச் சாட்சி. மெதடிஸ்த சபையில் தேவன் முதலில் பேசுகிறார், மனிதன் பதில் சொல்கிறான். பெரியவர் ஒருவர் வந்து நின்றால் பதில் அன்றே வந்துவிடுகிறது. குழந்தையானால் பல ஆண்டுகள் தாமதமாக வருகிறது. தாமதம் என்பதற்காகத் தேவன் பேசியது செல்லாமல் போவதில்லை.

இதற்கு அடியில் இருப்பது முந்திவரும் கிருபை என்ற போதனை. மனிதன் தேடத் தொடங்கும் முன்பே தேவனுடைய கிருபை அவனிடம் வேலை செய்கிறது, தேடும் ஆசையே அந்தக் கிருபையின் விளைவு என்று மெதடிஸ்த இயக்கத்தைத் தொடங்கிய ஜான் வெஸ்லி போதித்தார். கைக்குழந்தைக்குக் கொடுக்கும் ஞானஸ்நானத்தைவிடத் தெளிவாக இதைக் கண்ணால் காட்ட முடியாது. எதுவும் செய்யாத, எதுவும் செய்ய முடியாத ஒரு பிள்ளை வெறுமனே பெற்றுக்கொள்கிறது.

அதிகாரபூர்வமான வாசகம் வேண்டுமென்றால்: இங்கிலாந்து திருச்சபையின் 39 பிரமாணங்களை (சபைப் போதனையின் பகுதிகளை) வெஸ்லி 1784இல் 24 ஆகச் சுருக்கி அமெரிக்க மெதடிஸ்தருக்கு அனுப்பினார். அவர்கள் ஒன்றைச் சேர்க்க, 25 ஆனது. ஞானஸ்நானத்தைப் பற்றியது 17ஆவது பிரமாணம். ஞானஸ்நானம் கிறிஸ்தவர்களை மற்றவர்களிடமிருந்து பிரித்துக் காட்டும் அடையாளம் மட்டுமல்ல, மறுபிறப்பின் அடையாளமும்கூட. சிறு பிள்ளைகளின் ஞானஸ்நானம் சபையில் தொடர வேண்டும். சாரம் இவ்வளவுதான். மூலப் பிரமாணம் இதைவிட நீளம். அதிலிருந்த "ஒரு கருவியைப் போல" சபையில் ஒட்டவைக்கப்படுவது என்ற பகுதியை வெஸ்லி வெட்டிவிட்டார். எதை வெட்டினார் என்பது எதை வைத்தார் என்பதைப் போலவே கவனிக்க வேண்டியது.

கத்தோலிக்கப் போதனையோடு ஒப்பிட்டால்: சடங்கு முறைப்படி நடந்தால் அதிலேயே ஜென்மபாவம் கழுவப்பட்டு மறுபிறப்பு நடக்கிறது என்கிறது கத்தோலிக்கம். மெதடிஸ்தம் ஞானஸ்நானத்தைக் கிருபையின் சாதனம் என்கிறது, வெறும் அடையாளம் என்று இறக்கவில்லை. ஆனால் தண்ணீர் பட்டதாலேயே எல்லாம் முடிந்தது என்றும் சொல்வதில்லை. வெஸ்லியே இதில் இரண்டு குரலில் பேசியவர். 1758இல் அவர் வெளியிட்ட ஞானஸ்நானக் கட்டுரை (பெரும்பகுதி அவருடைய தகப்பன் எழுதியது) ஜென்மபாவத்தின் குற்றம் ஞானஸ்நானத்தில் கழுவப்படுவதாகவே சொல்கிறது. அதற்கு முன்பே, 1748இல் அச்சான பிரசங்கத்தில், ஞானஸ்நானத்தில் மறுபடி பிறந்துவிட்டோம் என்ற முறிந்த நாணலில் சாய்ந்துகொள்ளாதீர்கள் என்று கடிந்திருக்கிறார். சிறுவயதில் கழுவப்பட்டவன் பிறகு பாவத்தால் அதைத் தொலைத்துவிடலாம், அப்போது மறுபடி பிறந்தே ஆகவேண்டும் என்பது அவர் கணக்கு. தம்மைப் பற்றியும் அப்படித்தான் எழுதினார்: ஞானஸ்நானத்தில் பெற்றதைப் பத்து வயதுவரை தொலைக்கவில்லை என்று.

ஆகவே "குழந்தைக்குக் கொடுத்தாயிற்று, இனி கவலையில்லை" என்பவருக்கும் "இது வெறும் பெயர்சூட்டு விழா" என்பவருக்கும் மெதடிஸ்தத்தில் ஆதாரம் கிடைக்காது.

---

முழுக்குப்பக்கம் எழுதியது:

மெதடிஸ்தன் அல்ல, ஆனாலும் நியாயமாகக் கேட்கிறேன். "விசுவாசமுள்ளவனாகி ஞானஸ்நானம் பெற்றவன் இரட்சிக்கப்படுவான்" என்று மாற்கு 16:16 இருக்கிறதே. விசுவாசம் முதலில், தண்ணீர் பிறகு. புதிய ஏற்பாட்டில் ஒரு குழந்தைக்காவது ஞானஸ்நானம் கொடுத்ததாக எழுதியிருக்கிறதா?

---

யோர்தான்கரை எழுதியது:

பிரதர், பெயர் சொல்லி ஒரு குழந்தை இல்லை. அதை ஒப்புக்கொள்ளாமல் வாதாடுகிறவர்கள்தான் மெதடிஸ்தர் பக்கத்தைக் கெடுக்கிறார்கள். அதேபோல, விசுவாச வீட்டில் பிறந்த பிள்ளை வளர்ந்தபின் ஞானஸ்நானம் பெற்றதாகவும் ஒரு இடம் இல்லை. இரண்டு பக்கமும் அனுமானம்தான்.

மெதடிஸ்தர் அனுமானிக்கும் வழி உடன்படிக்கை. ஆதியாகமம் 17இல் ஆபிரகாம் விசுவாசித்து விருத்தசேதனம் பெற்றான், ஈசாக்கு எட்டாம் நாளில் பெற்றான். அடையாளம் ஒன்றே, விசுவாசத்தின் வரிசை மட்டும் மாறுகிறது. கொலோசெயர் 2:11-12 விருத்தசேதனத்தையும் ஞானஸ்நானத்தையும் அடுத்தடுத்து வைக்கிறது. அப்போஸ்தலர் 2:39 "உங்களுக்கும் உங்கள் பிள்ளைகளுக்கும்" என்கிறது. லீதியாளின் வீட்டார், சிறைச்சாலைக்காரனின் வீட்டார் (அப்போஸ்தலர் 16), ஸ்தேவானின் வீட்டார் (1 கொரிந்தியர் 1:16) எல்லாம் வீடு வீடாகப் பெற்றார்கள். பிள்ளைகளை மட்டும் வெளியே நிறுத்தினார்கள் என்று எழுதவில்லை. மாற்கு 16:16ஐ முழுதாக வாசியுங்கள்: ஆக்கினைக்குள்ளாவது "விசுவாசியாதவன்". ஞானஸ்நானம் பெறாதவன் என்று அங்கே இல்லை. கேட்டு மறுக்கக்கூடிய வயதினரைப் பற்றிய வசனம் அது.

ஞானஸ்நானம் பெறாமல் குழந்தை இறந்தால் என்ன ஆகும் என்று பயந்து அவசரப்படுவதும் தேவையில்லை. கிறிஸ்துவின் மரணத்தின் பலன் அந்தப் பிள்ளைகளையும் மூடுகிறது என்பதே மெதடிஸ்தப் போதனை. பயத்தால் கொடுப்பது வேறு, உடன்படிக்கை என்று கொடுப்பது வேறு.

---

சபைப்பதிவேடு எழுதியது:

நடைமுறைக்கு வருகிறேன். சபைக்குச் சபை ஒழுங்குப் புத்தகம் கொஞ்சம் மாறும். கீழே சொல்வது ஐக்கிய மெதடிஸ்த திருச்சபையின் ஒழுங்கை ஒட்டியது. மற்ற மெதடிஸ்த சபைகளிலும் எலும்புக்கூடு ஏறக்குறைய இதுதான்.

முறை: தெளிப்பு, ஊற்றுதல், முழுக்கு மூன்றும் செல்லும். மூன்றுக்கும் வேதத்தில் படம் இருக்கிறது. எசேக்கியேல் 36:25 சுத்தமான ஜலம் தெளிப்பதைச் சொல்கிறது, அப்போஸ்தலர் 2 ஆவியை ஊற்றுவதை, ரோமர் 6:4 அடக்கம்பண்ணப்படுவதை. எதைக் கேட்பது என்பது பெறுகிறவர் அல்லது பெற்றோர் உரிமை. சபையில் முழுக்குத் தொட்டி இல்லையென்றால் ஆறு, குளம், வேறு சபையின் தொட்டி எதுவும் ஆகும். ஒரு வேடிக்கை: இளம் வெஸ்லி 1736இல் ஜார்ஜியாவில் குழந்தைகளை முக்கித்தான் எடுப்பேன் என்று பிடிவாதமாக இருந்தார். பிள்ளை பலவீனமானது என்று பெற்றோர் சொன்னால்தான் ஊற்றுவார், அப்படிச் சொல்ல மறுத்த ஒரு வீட்டாருக்குக் கொடுக்காமலே திரும்பினார். பிற்காலத்தில் முறையைப் பற்றிய இந்தக் கண்டிப்பை விட்டுவிட்டார்.

ஆராதனையில் நடப்பது: ஞாயிறு ஆராதனையின் நடுவில், பெரும்பாலும் பிரசங்கத்துக்குப் பின். போதகர் முகவுரை சொல்வார். பெற்றோரும் ஞானப் பெற்றோரும் குழந்தையோடு தொட்டியருகே வருவார்கள். பிறகு கேள்விகள். கருத்து மட்டும் சொல்கிறேன்:

துன்மார்க்கத்தின் ஆவிக்குரிய சக்திகளைத் துறந்து, இவ்வுலகத்தின் பொல்லாத வல்லமைகளை மறுத்து, உங்கள் பாவத்தைவிட்டு மனந்திரும்புகிறீர்களா? தீமையும் அநீதியும் ஒடுக்குதலும் எந்த வடிவில் வந்தாலும் எதிர்த்து நிற்கத் தேவன் தரும் சுதந்திரத்தையும் பலத்தையும் ஏற்கிறீர்களா? இயேசு கிறிஸ்துவை இரட்சகராக அறிக்கையிட்டு, அவருடைய கிருபையை முழுதாக நம்பி, அவரை ஆண்டவராகச் சேவிப்பீர்களா? இந்தப் பிள்ளை பின்னாளில் கிருபையைத் தானே ஏற்று, வெளிப்படையாக அறிக்கையிடும்படி போதனையாலும் முன்மாதிரியாலும் வளர்ப்பீர்களா?

முதல் மூன்றும் உங்களைப் பற்றியவை என்பதைக் கவனியுங்கள். குழந்தைக்குப் பதிலாக நீங்கள் விசுவாசிப்பதாகப் பாசாங்கு இல்லை. உங்கள் சொந்த விசுவாசத்தைத்தான் கேட்கிறார்கள். அதில் ஒருவருக்கு மனம் ஒப்பவில்லை என்றால் அன்று காலையில் அல்ல, முதல் சந்திப்பிலேயே போதகரிடம் சொல்லுங்கள்.

அடுத்து சபையாரிடமும் கேட்பார்கள், இந்தப் பிள்ளையை வளர்க்கும் பொறுப்பை ஏற்கிறீர்களா என்று. பிறகு அப்போஸ்தலர் விசுவாசப் பிரமாணம் மூன்று பகுதியாக, கேள்வி பதிலாக. பிறகு தண்ணீர்மேல் ஸ்தோத்திர ஜெபம்: சிருஷ்டிப்பு, ஜலப்பிரளயம், சமுத்திரத்தைக் கடந்தது, யோர்தான் எல்லாம் அதில் வரும். அதன்பின் பெயர் சொல்லி, "பிதா குமாரன் பரிசுத்த ஆவியின் நாமத்திலே உனக்கு ஞானஸ்நானம் கொடுக்கிறேன்". தலைமேல் கைவைத்து ஆவியானவருக்காக ஜெபம், சபையின் வரவேற்பு, முடிந்தது.

எங்கே பிசகும் என்றால்:

பெயர். குழந்தையின் பெயரை மட்டும் சொல்வது முறை, குடும்பப் பெயர் வேண்டாம். எழுத்துக் கூட்டி ஒரு துண்டுச் சீட்டில் போதகரிடம் கொடுங்கள்.

தண்ணீர். விரல் நனைத்து நெற்றியைத் தொட்டால் பின்வரிசைக்கு ஒன்றும் தெரியாது. அடையாளம் என்றால் காணவும் கேட்கவும் வேண்டும். ஜாடியிலிருந்து சத்தம் கேட்க ஊற்றி, கை நிறைய அள்ளி மூன்று முறை விடுவதே நல்லது. வெதுவெதுப்பான தண்ணீர் ஆராதனைக்குச் சற்று முன்புதான் வரவேண்டும், காலையிலேயே வைத்தால் ஆறிவிடும். குழந்தையை மல்லாத்தி, தலை உடம்பைவிடச் சற்றுத் தாழ்ந்து, தொட்டிக்கு மேல் வரும்படி பிடித்தால் தண்ணீர் கண்ணிலும் காதிலும் போகாமல் பின்னந்தலை வழியாக வடியும். நிமிர்த்திப் பிடித்தால் நேராக முகத்தில் வழியும், அழுகை அங்கேதான் தொடங்கும்.

வாசகம். மூன்று நாமங்களையும் மாற்றக் கூடாது. "சிருஷ்டிகர், மீட்பர், தாங்குபவர்" என்று அழகுக்காக மாற்றினால் பிற சபைகள் அதை ஏற்காமல் போகும், பிள்ளைக்குத்தான் பின்னாளில் தலைவலி.

பெரியவர் முழுக்கு எடுப்பதானால்: தண்ணீர் இடுப்புக்கு மேல், மார்புக்குக் கீழ். அங்கியின் ஓரத்தில் கனம் தைக்காவிட்டால் தண்ணீரில் மிதந்து மேலே வரும். மூக்கை அவரே கைக்குட்டையால் பிடிக்கட்டும், முழங்காலை மடக்கச் சொல்லுங்கள், விறைத்து நின்றால் போதகரின் முதுகு போகும். போதகர் சட்டையில் ஒயர் மைக் இருந்தால் தண்ணீரில் இறங்கும் முன் கழற்றியே ஆகவேண்டும். இதில் விளையாட்டு வேண்டாம், மின்சாரம் பாய்ந்து உயிர் போகும்.

பதிவேடு. குழந்தையின் முழுப்பெயர், பிறந்த தேதி, பெற்றோர், ஞானப் பெற்றோர், ஞானஸ்நான தேதி, இடம், கொடுத்தவர் பெயர். அன்றே எழுதி, சான்றிதழோடு ஒத்துப் பாருங்கள். பிறகு திருத்துவது பெரும்பாடு.

---

உப்புக்கல் எழுதியது:

பிரதிஷ்டை பற்றி யாரும் தொடவில்லை. அதில் மெதடிஸ்த குடும்பச் சபைகளே ஒன்றுபோல் இல்லை. சுயாதீன மெதடிஸ்த சபை, வெஸ்லியன் சபை, நசரேய சபை இவற்றில் பெற்றோர் குழந்தை ஞானஸ்நானத்தையோ பிரதிஷ்டையையோ தேர்ந்துகொள்ளலாம். ஐக்கிய மெதடிஸ்த சபையில் பிரதிஷ்டை ஒழுங்கு கிடையாது. பிள்ளை பிறந்ததற்கோ தத்தெடுத்ததற்கோ ஸ்தோத்திரம் செலுத்தும் சிறு ஒழுங்கு உண்டு, ஆனால் அது ஞானஸ்நானத்துக்கு மாற்று அல்ல என்று புத்தகத்திலேயே குறிப்பு இருக்கிறது. பிரிட்டிஷ் மெதடிஸ்த சபையிலும் ஸ்தோத்திர ஆராதனை தனி, ஞானஸ்நானம் தனி. காத்திருக்க விரும்பும் பெற்றோரை எந்தச் சபையும் வற்புறுத்தாது. ஆனால் பிரதிஷ்டையையும் ஞானஸ்நானத்தையும் ஒன்றென்று எண்ணாதீர்கள்: பிரதிஷ்டையில் நாம் பிள்ளையைத் தேவனுக்குக் கொடுக்கிறோம், ஞானஸ்நானத்தில் தேவன் பிள்ளைக்குக் கொடுக்கிறார். திசையே வேறு.

பின்னாளில் முழுக்கு: கொடுக்க மாட்டார். கொடுக்கக் கூடாது. ஐக்கிய மெதடிஸ்த சபையின் ஒழுங்குச் சட்டம் மறு ஞானஸ்நானத்தைப் போதகருக்குத் தடைசெய்கிறது. பிரிட்டிஷ் சபையின் விதியும் அப்படியே, ஏற்கெனவே ஞானஸ்நானம் பெற்றவர் என்று தெரிந்த ஒருவருக்கு மறுபடி கொடுப்பது சபையின் கொள்கைக்கு விரோதம். யோர்தான்கரை சொன்ன முதல் கருத்தைப் பிடித்தால் காரணம் புரியும். என் வாக்கு முறிந்தது, எனவே புதிய ஞானஸ்நானம் என்றால், அது என் வாக்கில்தான் நின்றது என்றாகும். தேவன் தம் வாக்கை முறிக்கவில்லையே.

இதே நியாயத்தில்தான் பிற சபைகளில் பெற்றதையும் ஏற்கிறார்கள். கத்தோலிக்கர், ஆர்த்தடாக்ஸ், லுத்தரன், பாப்டிஸ்ட் யாராயிருந்தாலும் தண்ணீராலும் மூன்று நாமத்தாலும் பெற்றிருந்தால் போதும். மார்மன் சபையிலிருந்து வருகிறவர்களுக்கு ஞானஸ்நானம் கொடுத்துச் சேர்க்கவேண்டும் என்று ஐக்கிய மெதடிஸ்தப் பொதுப் பேரவை 2000இல் முடிவெடுத்தது. திரித்துவம் பற்றிய போதனையே வேறு என்பதால். இரட்சண்ய சேனையிலும் குவேக்கர்களிடமும் தண்ணீர் ஞானஸ்நானம் இல்லை, அங்கிருந்து வருகிறவர் பெறுவது முதல் ஞானஸ்நானமே.

---

நீலவானம் எழுதியது:

நன்றி. திசை வேறு என்ற விளக்கத்தில் வீட்டுச் சண்டை பாதி அடங்கும் என நினைக்கிறேன். இன்னும் இரண்டு: பிள்ளை வளர்ந்து "எனக்கு எதுவும் நினைவில்லை, நானே சொல்ல வேண்டும்" என்றால் அதற்கு வழியே இல்லையா? ஞானப் பெற்றோராக வேறு சபைக்காரர் நிற்கலாமா?

---

சபைப்பதிவேடு எழுதியது:

இரண்டாவது எளிது. நிற்கலாம். ஆனால் அவரும் ஞானஸ்நானம் பெற்று, விசுவாசத்தில் நடக்கிற கிறிஸ்தவராயிருக்க வேண்டும், அந்தக் கேள்விகளுக்கு மனதாரப் பதில் சொல்ல வேண்டும். நெருங்கிய உறவு என்பதற்காகவே ஒருவரை ஞானப் பெற்றோராக நிற்கவைப்பது வழக்கமாகிவிட்டது, அது தவறு. ஐக்கிய மெதடிஸ்த ஒழுங்கின்படி பெற்றோரில் ஒருவராவது ஒரு கிறிஸ்தவ சபையின் அங்கத்தினராக இருக்க வேண்டும், இல்லையென்றால் அங்கத்தினரான ஞானப் பெற்றோர் தங்கள் வாக்குறுதியைப் புதுப்பிக்க வேண்டும். உங்கள் விஷயத்தில் சிக்கல் இல்லை.

---

உப்புக்கல் எழுதியது:

முதல் கேள்விக்கு வழி இருக்கிறது, அதற்கென்றே இருக்கிறது. திடப்படுத்தல். வெஸ்லி 1784இல் அனுப்பிய ஆராதனை ஒழுங்கில் இதை விட்டுவிட்டார், 20ஆம் நூற்றாண்டில்தான் அமெரிக்க மெதடிஸ்தத்தில் அந்தப் பெயரோடு திரும்பி வந்தது. வகுப்பு முடித்து, பிள்ளை சபைமுன் நின்று, பெற்றோர் அன்று தங்களைப் பற்றிப் பதில் சொன்ன அதே கேள்விகளுக்குத் தன் வாயால் பதில் சொல்லும். ஐந்து மாதத்தில் தொடங்கிய உரையாடலின் மறுபாதி அது. வயதுக்கு வந்துவிட்டது என்பதற்காகப் பிடித்துத் தள்ள வேண்டாம். தயார் என்று பிள்ளை சொல்லும்வரை பொறுக்கும் போதகரே நல்ல போதகர்.

அதற்குப் பிறகும் வாழ்க்கையில் ஒரு திருப்பம் வந்து, தண்ணீரைத் தொட்டே ஆகவேண்டும் என்று தோன்றினால் ஞானஸ்நான உடன்படிக்கையைப் புதுப்பிக்கும் ஆராதனை உண்டு. இயேசுவின் ஞானஸ்நானத்தை நினைவுகூரும் ஜனவரி ஞாயிறன்று பல சபைகளில் நடக்கும். தொட்டியில் கை நனைத்து நெற்றியைத் தொட்டுக்கொள்ளலாம், போதகர் தண்ணீரைச் சபையை நோக்கித் தூவலாம். "உன் ஞானஸ்நானத்தை நினைவுகூர்ந்து ஸ்தோத்திரி" என்பதே வாசகம். "உனக்கு ஞானஸ்நானம் கொடுக்கிறேன்" என்று சொல்லக் கூடாது, மறு ஞானஸ்நானம் என்று பார்ப்பவர் எண்ணும்படி தண்ணீரைப் பயன்படுத்தவும் கூடாது.

பிள்ளைக்கு நினைவில்லை என்பதற்கு ஒரு மருந்து உங்கள் கையிலேயே இருக்கிறது: ஞானஸ்நான நாளைப் பிறந்தநாள்போல வருடந்தோறும் சொல்லிக்கொடுங்கள். புகைப்படத்தின் பின்னால் தேதியையும் போதகர் பெயரையும் பேனாவால் எழுதி வையுங்கள், சான்றிதழ் தொலைந்தாலும் எந்தப் பதிவேட்டில் தேடுவது என்று தெரியும்.